சீட்டில் எழுதிய வெயில்

"மெத்தாக்ஸலன் 10 மில்லிகிராம், மூன்று மாத்திரை, காலை டிபனுக்குப் பிறகு. இரண்டு மணி நேரம் கழித்து வெயில், ஐந்து நிமிடம். திங்கள், புதன், வெள்ளி. கறுப்புக் கண்ணாடி கட்டாயம்."

ஐம்பது கிலோ எடையுள்ள ஒரு சொரியாசிஸ் நோயாளியின் ஓ.பி. சீட்டில் இப்படி ஒரு குறிப்பு இருந்தால், அதற்கு மேலே தோல் டாக்டர் ஒற்றைச் சொல் ஒன்றைக் கிறுக்கியிருப்பார்: புவாசோல். மருந்துக்கடைக்காரர் மாத்திரையை எண்ணிக் கொடுத்துவிடுவார். சீட்டின் மறுபாதி அவர் கடையில் கிடைக்காது. அது மொட்டைமாடியில் கிடைக்கும், காசில்லாமல்.

காலடிப்பேட்டை, திருவொற்றியூர், காசிமேடு பக்கத்து ஆள் ஒருவரிடம் இந்தச் சீட்டை நீட்டினால் அவர் கேட்கக்கூடிய முதல் கேள்வி ரொம்ப நியாயமானது. "நாள் பூரா வெயில்லதான் சார் வேலை. லோடு எறக்குறதும் வெயில்ல, வலை காயப் போடுறதும் வெயில்ல. இதுல அஞ்சு நிமிசம் தனியா போயி எதுக்கு நிக்கணும்?" இந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டுமென்றால் புவாசோல் என்ற சொல்லைப் பிரித்துப் போட வேண்டும். பிரித்துப் போட்டால் உள்ளே ஒரு விதை, ஒரு நிறமில்லாத ஒளி, ஒரு கடிகாரம் மூன்றும் கிடைக்கும்.

இந்தக் கரைக்கு வெயிலை வேலை வாங்கத் தெரியும். 1717 முதல் 1720 வரை சென்னையில் கிழக்கிந்தியக் கம்பெனியின் கவர்னராக இருந்த ஜோசப் காலெட், திருவொற்றியூரில் நெசவாளர்களைக் குடியமர்த்தினார். காலெட் பேட்டைதான் நம் வாயில் புரண்டு காலடிப்பேட்டை ஆனது. நெய்த துணியை வெளுக்கத் தெற்கே கொஞ்ச தூரத்தில் வண்ணாரப்பேட்டை இருந்தது. துணியை நனைத்து விரித்துப் போட்டால் மிச்ச வேலையைச் சூரியன் செய்யும். வடக்கே போனால் எண்ணூர், அத்திப்பட்டு உப்பளங்கள். கிழக்கே கடலோரம் கருவாடு. எந்தப் பொருளுக்கு எந்த மணி வெயில், எத்தனை நாள் வெயில் என்பது இங்குள்ளவர்களுக்குக் கைவந்த கணக்கு. தன் தோலுக்கு எவ்வளவு என்ற கணக்கு மட்டும் யாரிடமும் இல்லை. அதற்குத் தேவையும் வந்ததில்லை.

சொரியாசிஸ் வந்தால் தேவை வரும். நம் மேல்தோலின் செல்கள் அடியில் பிறந்து, மேலே ஏறி, உதிர்ந்து விழ ஏறத்தாழ ஒரு மாதம் ஆகும். சொரியாசிஸ் உள்ள இடத்தில் இதே பயணம் மூன்று முதல் ஐந்து நாளில் முடிந்துவிடுகிறது. முதிராத செல்கள் ஒன்றின்மேல் ஒன்று குவிந்து, சிவந்த தடிப்பும் வெள்ளிச் செதிலுமாக நிற்கும். கருத்த தோலில் சிவப்பைவிட ஊதா கலந்த கருமையாகத்தான் பெரும்பாலும் தெரியும். நோய் எதிர்ப்புப் படையைச் சேர்ந்த டி-செல்கள் காரணமில்லாமல் உசுப்பேறித் தோலைத் துரத்திக்கொண்டிருப்பதுதான் அடிப்படைக் கோளாறு. ஒருவரிடமிருந்து இன்னொருவருக்கு ஒட்டாது. சித்த மருத்துவம் இதைக் காளாஞ்சகப்படை என்கிறது. இந்தியாவில் நடந்த வெவ்வேறு கணக்கெடுப்புகள் வயது வந்தோரில் 0.44 முதல் 2.8 சதவீதம் பேருக்கு இது இருப்பதாகச் சொல்கின்றன.

ஆக, அடக்க வேண்டியவை இரண்டு: வேகமாகப் பெருகும் தோல் செல், உசுப்பேறிய டி-செல். இரண்டையும் ஒரே அடியில் அடிக்கும் ஒரு கருவிக்குத்தான் புவா என்று பெயர். சோல் பிறகு வந்து சேர்ந்தது.

ஆங்கிலத்தில் PUVASOL என்று எழுதும் அந்தப் பெயரின் நடுவில் இருக்கும் யூ.வி.ஏ.வை முதலில் பார்த்துவிடலாம். சூரிய ஒளியில் கண்ணுக்குத் தெரியும் ஊதா 400 நானோமீட்டர் அலைநீளத்தோடு முடிகிறது. அதற்குக் கீழே இருப்பது புற ஊதா. 320 முதல் 400 வரை ஏ பிரிவு. 280 முதல் 320 வரை பி. அதற்கும் கீழே உள்ள சி பிரிவைக் காற்றுமண்டலம் மொத்தமாக விழுங்கிவிடுகிறது. தரைக்கு வந்து சேரும் புற ஊதாவில் ஏறத்தாழ 95 சதவீதம் ஏ பிரிவுதான். அளவில் இவ்வளவு இருந்தும் ஏ ஒரு சாது. தோலைச் சிவக்க வைக்க, பி பிரிவைப் போல ஆயிரம் மடங்கு ஏ வேண்டியிருக்கும். ஆனால் பி மேல்தோலிலேயே பெரும்பாலும் நின்றுவிட, ஏ அதைத் தாண்டி, டி-செல்கள் குழுமியிருக்கும் உள்தோல் வரை இறங்கும். சாதாரண ஜன்னல் கண்ணாடியையும் தாண்டும். இது பின்னால் தேவைப்படும்.

ஆழமாகப் போகிறது, ஆனால் அடிக்காது. லோடு இறக்குகிறவரின் முதுகில் பகல் முழுக்க விழுவது பெரும்பாலும் இந்தச் சாது ஒளிதான். அவர் கேள்விக்குப் பாதிப் பதில் இங்கேயே இருக்கிறது. மீதி, பெயரின் முதல் எழுத்தில்.

அந்த முதல் எழுத்தான P, சோராலன் (psoralen). அதைப் பார்க்க ஆய்வகம் போக வேண்டியதில்லை. நாட்டு மருந்துக் கடைக்குப் போய் கார்போகரிசி கேட்டால் போதும். பெயர்தான் அரிசி. கையில் கொட்டினால் சிறுநீரக வடிவில் சின்னச் சின்னக் கருப்பு விதைகள். நசுக்கினால் பிசுக்கென்று ஒட்டும். ஒரு காட்டமான வாசனை. குளியல் பொடி அரைக்கக் கொடுக்கும்போது கஸ்தூரி மஞ்சள், பூலாங்கிழங்கோடு இதையும் சேர்ப்பவர்கள் உண்டு. வெண்புள்ளிக்கு இந்த விதையை அரைத்துப் பூசி வெயிலில் காட்டுவது இந்திய மருத்துவ மரபுகளில் வெகுகாலப் பழக்கம். நைல் கரையிலும் அதே பழக்கம் வேறொரு செடியை வைத்து நடந்தது. செடிச்சாற்றைப் பூசு, வெயிலில் நில் என்ற ஒரே வைத்தியத்தை இரண்டு நாட்டாரும் தனித்தனியாகக் கண்டுபிடித்ததுதான் எனக்கு இந்தக் கதையில் மிகவும் வியப்பான இடம்.

1933இல் பெங்களூரில் ஜோயிஸ், மஞ்சுநாத், வெங்கட ராவ் என்ற மூன்று வேதியியலர்கள் கார்போகரிசியைப் பகுத்துப் பார்த்து, சோராலனைப் பிரித்தெடுத்து, முடிவை இந்திய வேதியியல் கழகத்தின் ஆய்விதழில் வெளியிட்டார்கள். விதையின் தாவரவியல் பெயரான சோராலியாவிலிருந்துதான் வேதிப்பொருளின் பெயரும் வந்தது. எகிப்தில் 1947இல் ஃபாமி, அபு ஷாடி இருவரும் அந்த ஊர்ச் செடியிலிருந்து அதன் நெருங்கிய உறவான பொருளைப் பிரித்தார்கள். அதுதான் இன்று மாத்திரையாக விற்கும் மெத்தாக்ஸலன். கெய்ரோவின் தோல் மருத்துவர் எல் மோஃப்டி அதை வெண்புள்ளி நோயாளிகளுக்குக் கொடுத்து, வெயிலில் நிறுத்திப் பார்த்தார். புவா என்ற பெயர் பிறப்பதற்குக் கால் நூற்றாண்டு முன்பே புவாசோல் நடந்துகொண்டிருந்தது என்றுதான் இதைச் சொல்ல வேண்டும்.

சோராலன் மூலக்கூறு மூன்று வளையங்கள் ஒட்டிய ஒரு தட்டையான சில்லு. தட்டையாக இருப்பதுதான் அதன் தனித்திறமை. செல்லுக்குள் இருக்கும் டி.என்.ஏ. இரட்டைச் சரத்தின் படிகளுக்கிடையே அது வழுக்கிக்கொண்டு போய் உட்கார்ந்துவிடும். இருட்டில் அவ்வளவுதான், கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்து வெளியேறிவிடும், ஒரு நாளுக்குள் பெரும்பகுதி சிறுநீரோடு போய்விடும். ஆனால் உட்கார்ந்திருக்கும் அந்த நேரத்தில் யூ.வி.ஏ. ஒளித்துகள் ஒன்று வந்து விழுந்தால், சோராலன் பக்கத்திலிருக்கும் தைமினைப் பற்றிக்கொள்ளும். இரண்டாவது ஒளித்துகள் வந்தால், மறு சரத்தில் இருக்கும் தைமினையும் பற்றிக்கொள்ளும். இப்போது இரண்டு சரங்களும் ஜிப்பின் பல்லில் துணி சிக்கிய மாதிரி ஒரே இடத்தில் மாட்டிக்கொள்கின்றன. செல் இரண்டாகப் பிரிய வேண்டுமானால் டி.என்.ஏ. முதலில் பிரிய வேண்டும். அது பிரியாது. வேகமாகப் பெருகிக்கொண்டிருந்த தோல் செல் அங்கேயே நின்றுபோகும். டி-செல்களுக்கு இந்த அடி இன்னும் தாங்காது. தம்மைத் தாமே முடித்துக்கொள்ளும்.

மருந்து மட்டும் போனால் ஒன்றும் நடக்காது. அந்த ஒளி மட்டும் விழுந்தாலும் பெரிதாக ஒன்றும் நடக்காது. உடம்பு முழுக்க மருந்து ஓடினாலும், வெளிச்சம் பட்ட இடத்தில் மட்டும், வெளிச்சம் பட்ட ஆழம் வரை மட்டும் வேலை நடக்கும். குடல், ஈரல், எலும்பு மஜ்ஜை எல்லாம் இருட்டில் பத்திரமாக இருக்கும். லோடுக்காரர் கேள்விக்கு மறுபாதிப் பதில் இதுதான். அவர் நின்றது வெறும் வெயிலில். மாத்திரை விழுங்கி இரண்டு மணி நேரம் கழித்து அவர் நிற்கப்போவது, பார்வைக்கு அதே மாதிரி இருக்கும் வேறொரு வெயிலில்.

எலுமிச்சைச் சாறு கையில் வழிய வெயிலில் வேலை பார்ப்பவர்களுக்குச் சில சமயம் விரலிடுக்கிலும் புறங்கையிலும் கொப்புளம் வந்து, பிறகு மாதக்கணக்கில் கருப்புத் தழும்பாக நிற்பதுண்டு. எலுமிச்சைத் தோலின் எண்ணெயிலும் சோராலன் குடும்பத்துப் பொருள் இருக்கிறது. டாக்டர் இல்லாமல், சீட்டு இல்லாமல் நடந்துவிட்ட புவாசோல் அது.

இனி பாஸ்டன். 1974இல் ஜான் பாரிஷ், தாமஸ் ஃபிட்ஸ்பாட்ரிக், டேனன்பாம், இந்தியாவில் பிறந்த மது பதக் ஆகியோர் மெத்தாக்ஸலன் மாத்திரையையும், யூ.வி.ஏ.வை மட்டும் பலமாக உமிழும் புதிய குழல்விளக்குகளையும் இணைத்துச் சொரியாசிஸ் நோயாளிகளுக்குச் சிகிச்சை அளித்து, நியூ இங்கிலாந்து மருத்துவ இதழில் எழுதினார்கள். சோராலனின் 'P'யும் யூ.வி.ஏ.வும் சேர்ந்து புவா என்ற சுருக்கப் பெயர் புழக்கத்துக்கு வந்தது. அந்தக் கட்டுரை வைத்த முழுப் பெயர் ஃபோட்டோ கீமோதெரபி. ஒளியும் வேதிப்பொருளும் சேர்ந்த சிகிச்சை என்பதற்கு மேல் அதில் அர்த்தமில்லை. ஆனாலும் நம் ஊரில் ரிப்போர்ட்டில் கீமோ என்று ஒரு துண்டு கண்ணில் பட்டால் போதும், வீடே புற்றுநோய் என்று ஒப்பாரி வைத்துவிடும். டாக்டர்கள் புவா என்றே சொல்லிவிட்டுப் போவது ஒருவகையில் நல்லதுதான்.

புவா என்றால் பெட்டி வேண்டும். ஆளுயர விளக்குகள் சுற்றிலும் நிற்க, நோயாளி உள்ளே போய் நிற்பார்; எத்தனை ஜூல் விழுந்தது என்று மீட்டர் காட்டும். வாரம் இரண்டு மூன்று தடவை, இருபது முப்பது முறை வர வேண்டும். பெரிய மருத்துவமனைகளில்தான் இந்தப் பெட்டி இருக்கும். இராயபுரம் ஸ்டான்லி மருத்துவமனை காலடிப்பேட்டையிலிருந்து சில கிலோமீட்டர்தான். 2021 பிப்ரவரியிலிருந்து காலடிப்பேட்டையில் மெட்ரோ ரயிலே நிற்கிறது. தூரம் பெரிய சிக்கலில்லை. வாரத்தில் மூன்று காலைப் பொழுதை, இரண்டு மூன்று மாதத்துக்கு, தினக்கூலிக்காரர் எங்கிருந்து எடுத்துக் கொடுப்பார் என்பதுதான் சிக்கல். கிராமத்துக்காரருக்குத் தூரமும் சேர்ந்துகொள்ளும்.

அதனால்தான் பெயரின் வாலில் சோல் ஒட்டிக்கொண்டது. லத்தீனில் சூரியன். விளக்குக்குப் பதில் சூரியன், பெட்டிக்குப் பதில் மாடி, மீட்டருக்குப் பதில் கைக்கடிகாரம். இந்தியத் தோல் மருத்துவத்தில் இது வெண்புள்ளிக்கும் சொரியாசிஸுக்கும் பரவலாகப் புழங்கிய முறை. ஏழைக்கு மாற்று என்று கொஞ்சம் இளக்காரமாகச் சொல்லிவிடுகிறார்கள். பாஸ்டனில் டிசம்பர் நண்பகலில் சூரியன் தொடுவானத்திலிருந்து 24 டிகிரி உயரம்தான் ஏறும். சென்னையில் மார்கழியிலும் 53 டிகிரி ஏறும். ஏப்ரல் கடைசி வாரத்திலும் ஆகஸ்ட் நடுவிலும் நேர் உச்சிக்கே வந்து நிற்கும். பாஸ்டனில் இதை ஆண்டு முழுக்கச் செய்ய முடியாது. இங்கே முடியும் என்பதை ஏன் குறையாகச் சொல்ல வேண்டும்?

குறை வேறு இடத்தில் இருக்கிறது. வெயிலுக்கு மீட்டர் இல்லை. தெளிந்த வானத்து நண்பகலில் யூ.வி.ஏ. ஒரு சதுர சென்டிமீட்டருக்கு 5 மில்லிவாட் விழுவதாக வைத்துக்கொண்டால், ஐந்து நிமிடத்தில் 1.5 ஜூல் சேரும். பெட்டியில் முதல் நாள் கொடுக்கும் அளவுக்கு அது ஒப்பிடத்தக்கது. ஆனால் ஒரு மேகம் குறுக்கே வந்தால் கணக்கு மாறும்; எட்டு மணி வெயில் ஒன்று, பதினொரு மணி வெயில் வேறொன்று. ஆகவே சீட்டில் எழுதிய அதே நேரம், அதே மாடி, அதே நிமிடம் என்று பிடிவாதமாக இருப்பதுதான் நோயாளி கையில் இருக்கும் மீட்டர். ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் அந்த மீட்டரும் படுத்துவிடும். சிகிச்சை வாரக்கணக்கில் அறுந்துபோகும். மழை விட்டதும் விட்ட நிமிடத்திலிருந்து தொடரக் கூடாது, மறுபடி குறைத்துத் தொடங்க வேண்டும்.

ஒன்றுவிட்டு ஒரு நாள் என்பதற்கும் காரணம் உண்டு. நோயாளிகள் அதிகம் தடுமாறுவது இங்கேதான். சாதாரண வெயில் சுட்டால் அன்று மாலையே எரியும், மறுநாளோடு உச்சத்தைத் தாண்டிவிடும். சோராலன் சேர்ந்த வெயில் சுட்டால் அப்படி இல்லை. அது உச்சத்துக்கு வர இரண்டு மூன்று நாள் ஆகும். திங்கட்கிழமை ஐந்து நிமிடம் நின்றவருக்கு அன்று ஒன்றும் தெரியாது. செவ்வாயும் பெரிதாகத் தெரியாது. "ஒண்ணுமே ஆகலியே" என்று செவ்வாயே போய்ப் பதினைந்து நிமிடம் நின்றால், இரண்டு சூடும் சேர்ந்து புதன், வியாழனில் கொப்புளமாக வெடிக்கும். அதோடு போகாது. சொரியாசிஸ் தோலில் காயம் பட்ட இடத்தில் புதிய தடிப்பு கிளம்பும். 1872இலேயே கோப்னர் என்ற ஜெர்மன் மருத்துவர் எழுதிவைத்த குணம் அது. தடிப்பைப் போக்கப் போய்த் தடிப்பை விதைத்துக்கொள்ளும் வேலை.

சிவந்திருக்கிறதா என்று பார்த்துவிட்டு நிமிடத்தைக் கூட்டு என்று பாடநூல் சொல்லும். அது எழுதப்பட்டது வெள்ளைத் தோலுக்கு. தோலை ஒன்று, இரண்டு, மூன்று என்று வகை பிரிக்கும் ஃபிட்ஸ்பாட்ரிக் அளவுகோலை இன்று முகக் கிரீம் விளம்பரம் வரை பயன்படுத்துகிறார்கள். அது பிறந்ததே 1975இல், புவா சிகிச்சைக்கு முதல் நாள் எவ்வளவு ஒளி கொடுப்பது என்று தீர்மானிக்கத்தான். முதலில் வெள்ளையர்களை நான்கு வகையாகப் பிரித்தார்கள்; பழுப்பு, கறுப்புத் தோலுக்கு ஐந்தும் ஆறும் பிறகு வந்து சேர்ந்தன. நாலிலிருந்து ஆறுக்குள் வரும் நம் தோலில் சிவப்பைக் கண்ணால் பிடிப்பது கடினம். தொட்டால் சூடாக இருக்கிறதா, சட்டை உரசினால் எரிகிறதா, படுத்தால் முதுகு ஊறுகிறதா என்று கேட்டுத்தான் நிமிடத்தைக் கூட்ட வேண்டும். நம் தோலின் கருமை மருந்தின் வேகத்தைக் கொஞ்சம் மட்டுப்படுத்தவும் செய்கிறது. அதற்குக் கைம்மாறாக, ஆபத்திலும் கொஞ்சம் காப்பாற்றுகிறது.

கண் விஷயத்தில் மட்டும் தோல் நிறம் காப்பாற்றாது. சோராலன் கண் வில்லைக்கும் போகும். அங்கே யூ.வி.ஏ. பட்டால் புரதத்தோடு நிரந்தரமாக ஒட்டிக்கொண்டு, கண்புரைக்கு வழி வைக்கலாம். வெயிலில் நிற்கும் ஐந்து நிமிடத்துக்குக் கண்ணாடி போட்டுவிட்டுக் கழற்றி வைப்பவர்கள் அதிகம். மாத்திரை போட்டதிலிருந்து அன்று சூரியன் மறையும் வரை போட்டிருக்க வேண்டும். வீட்டுக்குள் ஜன்னலோரத்திலும், பஸ்ஸில் மூடிய கண்ணாடி ஓரத்திலும்கூட. ஜன்னல் கண்ணாடியை யூ.வி.ஏ. தாண்டும் என்று சொன்னது இதற்காகத்தான். நடைபாதையில் வாங்கும் கறுப்புக் கண்ணாடி வேறு வகையில் ஆபத்து. வெளிச்சத்தைக் குறைத்துக் கருமணியை விரிய வைக்கும், புற ஊதாவை வடிகட்டாது. கடையில் யூ.வி. வடிகட்டும் கண்ணாடி என்று கேட்டு வாங்க வேண்டும்.

பாடநூலில் ஒரு வரியில் முடித்துவிடும் இன்னொரு தொல்லையை நான் பெரிதாக நினைக்கிறேன். முதுகிலும் வயிற்றிலும் தொடையிலும் தடிப்பு இருக்கும் ஒரு பெண், வீட்டோடு வீடு ஒட்டி நிற்கும் காலடிப்பேட்டைச் சந்தில், காலை பத்தரை மணிக்கு எங்கே போய் உடம்பை வெயிலில் காட்டுவார்? பக்கத்து மாடி இவர் மாடியைவிட ஒரு தளம் உயரம். கொடியில் புடவையைத் தொங்கவிட்டு மறைப்பு கட்டினால் வெயிலும் மறைகிறது. வாடகை வீடென்றால் மாடிச் சாவி வீட்டுக்காரரிடம். சிகிச்சையை நடுவில் விட்டவர்கள் என்று பதிவேட்டில் எழுதும்போது இந்த மாடியைப் பற்றி யாரும் எழுதுவதில்லை. உள்ளங்கை, உள்ளங்காலில் மட்டும் நோய் உள்ளவர்களுக்கு இந்தத் தொல்லை இல்லை. மருந்தைத் தண்ணீரில் கலந்து கைகாலை ஊறவைத்து, வாசற்படியில் உட்கார்ந்தே வெயில் காட்டிவிடலாம். மாத்திரை வயிற்றுக்குள் போகாததால் குமட்டலும் இல்லை.

கார்போகரிசியை அரைத்துத் தேங்காய் எண்ணெயில் குழைத்துத் தடவி, 'இதுவும் அதே மருந்துதானே' என்று வெயிலில் நிற்பவர்களுக்கு ஒரு வார்த்தை. அதே மருந்துதான், அதனால்தான் ஆபத்து. ஒரு பிடி விதையில் எவ்வளவு சோராலன் இருக்கிறது என்று கடைக்காரருக்கும் தெரியாது, அரைத்தவருக்கும் தெரியாது. சொரியாசிஸுக்குத் தமிழ்நாட்டில் பெயர்பெற்ற வெட்பாலைத் தைலத்தை இதோடு போட்டுக் குழப்பிக்கொள்ளவும் கூடாது. வெட்பாலை இலையைக் கிள்ளித் தேங்காய் எண்ணெயில் போட்டு, கண்ணாடிப் பாத்திரத்தில் நாள்கணக்கில் வெயிலில் வைப்பார்கள். பச்சை இலை போட்ட எண்ணெய் கருநீலமும் செம்மையும் கலந்த நிறத்துக்குத் திரும்பும். இலைக்குள் அவுரியைப் போன்ற சாயம் இருப்பதால் வரும் நிறம் அது. அங்கே வெயில் மருந்தைச் சமைக்கிறது. புவாசோலில் வெயில் மருந்தைச் சுடவைக்கிறது, அதுவும் தோலுக்குள் வைத்து.

டி.என்.ஏ.வில் முடிச்சுப் போடும் ஒரு மருந்து தோலுக்குள் காலமெல்லாம் விளையாடினால் என்ன ஆகும் என்ற பயம் தொடக்கத்திலேயே இருந்தது. அமெரிக்காவில் ராபர்ட் ஸ்டெர்ன் தலைமையில் 16 மையங்களில் 1,380 புவா நோயாளிகளை 1975 முதல் தொடர்ந்து கவனித்தார்கள். 1979லேயே முதல் எச்சரிக்கை வந்தது: தோல் புற்றுநோய், முக்கியமாகச் செதிள் செல் வகை, எதிர்பார்த்ததைவிடக் கூடுதலாகத் தென்பட்டது. சிகிச்சை எண்ணிக்கை நூற்றுக்கணக்கில் ஏற ஏற ஆபத்தும் ஏறியது. அவர்கள் பெரும்பாலும் வெள்ளைத் தோல்காரர்கள். நம் தோலுக்கு அந்த எண்ணிக்கையை அப்படியே பொருத்த முடியாது. அதற்காகக் கணக்கு வைக்காமல் இருக்கவும் முடியாது. வாழ்நாளில் இதுவரை எத்தனை முறை என்று நோயாளியின் நோட்டிலேயே குறித்துவைக்கும் டாக்டர் நல்ல டாக்டர். கர்ப்பிணிகள், பாலூட்டுபவர்கள், சிறு குழந்தைகள், ஈரல் நோயாளிகள் இவர்களுக்கு மாத்திரை கிடையாது. டாக்ஸிசைக்ளின் மாதிரி ஒளிக்கூச்சம் தரும் மாத்திரை எதையாவது சாப்பிட்டுக்கொண்டிருந்தால் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும்.

இதற்கிடையில் 1981இல் அதே பாரிஷ், யேனிக்கி என்பவரோடு சேர்ந்து, சொரியாசிஸை அடக்கும் ஒளி பி பிரிவின் ஒரு குறுகிய துண்டில், 313 நானோமீட்டர் அருகே இருப்பதைக் காட்டினார். பிலிப்ஸ் நிறுவனம் 311 நானோமீட்டரை மட்டும் உமிழும் குழல்விளக்கைச் செய்தது. மாத்திரை வேண்டாம், கறுப்புக் கண்ணாடியோடு நாள் முழுக்க அலைய வேண்டாம், கர்ப்பிணிக்கும் கொடுக்கலாம். நேரோ பேண்ட் என்று தோல் டாக்டர்கள் சொல்வது இதைத்தான். பெட்டி இருக்கும் இடங்களில் புவாவை இது ஏறத்தாழ ஓரங்கட்டிவிட்டது. ஒளிக்கே போகாமல் வாரம் ஒரு முறை மெத்தோட்ரெக்ஸேட் மாத்திரை, கைக்கு வசதியிருந்தால் பயாலஜிக்ஸ் ஊசி என்று வேறு வழிகளும் இருக்கின்றன. அவை வேறு அத்தியாயம்.

அப்படியானால் நேரோ பேண்ட் சோல் என்று ஒன்று ஏன் வரவில்லை? வர முடியாது. சூரிய ஒளியில் 311 இருக்கிறது. ஆனால் அதற்குக் கீழே, சுடுவதைத் தவிர அதிகம் உதவாத 300க்கு அருகிலுள்ள அலைகளும் சேர்ந்தே வருகின்றன. அவற்றைச் சலித்து எடுக்கும் சல்லடை சாதாரண வானத்தில் இல்லை. கடல் மட்டத்திலிருந்து 400 மீட்டருக்கும் கீழே கிடக்கும் சாக்கடல் கரையில், மேலே நிற்கும் கூடுதல் காற்று கொஞ்சம் சலித்துத் தருகிறது. சொரியாசிஸ்காரர்கள் அங்கே போய் வாரக்கணக்கில் படுத்துக் கிடப்பது அதற்காகத்தான். எண்ணூர்க் கரையில் அந்த வசதி இல்லை. மாடியில் விழும் வெயில் எல்லா அலையும் கலந்த வெயில். அதிலிருந்து ஏ பிரிவை மட்டும் பொறுக்கி வேலை வாங்கத் தெரிந்தது அந்தத் தட்டையான மூலக்கூறு ஒன்றுதான். பெட்டி வாங்க முடியாத ஊர்களில், பெட்டிக்கு வர முடியாத ஆட்களின் சீட்டில், பழைய பெயரை டாக்டர்கள் இன்னும் எழுதுவது அதனால்தான். எழுதும்போது நிமிடத்தையும் கிழமையையும் சேர்த்து எழுதியிருக்கிறார்களா என்று மட்டும் கடையிலிருந்து கிளம்புமுன் பார்த்துக்கொள்ளுங்கள்.